நான்கு பக்கக் கத்திகள்

சீரியல் எடுப்பவர்கள் உண்டு, நடிப்பவர்கள் உண்டு, ராத்திரி அடுப்பை அணைத்துவிட்டு வந்து அதன் முன்னால் உட்காருபவர்கள் உண்டு. இந்த மூன்று வகையிலும் சேராத நாலாவது ஆள் ஒருவர் இருக்கிறார். சீரியலைப் பார்க்கவே மாட்டார். ஆனால் தினம் அதைப் பற்றி ஏழெட்டுக் கட்டுரை அவர் கையிலிருந்து போகும். எழுதுகிறார் என்றும் சொல்ல முடியாது. யாரோ எழுதியதைச் சொல் மாற்றி அனுப்புகிறார். இந்த வேலைக்குத் தொழில் வட்டாரத்தில் ‘ரீரைட்’ என்று பேர். சென்னையிலிருந்து அவருக்கு வரும் போன்கள் எல்லாம் ‘தம்பி’ என்று ஆரம்பிக்கும், ‘அர்ஜென்ட்’ என்று முடியும். நாமும் ரீரைட் தம்பி என்றே வைத்துக்கொள்வோம்.

செங்கல்பட்டு மாவட்டத்தில் இப்படித் தம்பிகளுக்குப் பஞ்சமில்லை. பி.ஏ. தமிழ் முடித்துவிட்டு, பீச் ஸ்டேஷன் போகும் மின்சார ரயிலில் தொங்கியபடி வேலைக்குப் போய் வந்தவர்கள். 2020 ஊரடங்கில் வீட்டிலிருந்தே வேலை பார் என்றார்கள். ஊரடங்கு முடிந்தது, திரும்பி வா என்று யாரும் கூப்பிடவில்லை. நம் தம்பிக்கு வேடந்தாங்கல். வீட்டுக்குள் சிக்னல் இருக்காது, ஏரிக்கரையில் இருக்கும். ஆகவே கரைமேல் ஒரு மரத்தடிதான் அவருடைய ஆபீஸ். நவம்பர் முதல் மார்ச் வரை கூழைக்கடாவும் நத்தைகுத்தி நாரையும் பார்க்கப் பைனாகுலரோடு பட்டணத்து ஜனம் வந்து நிற்கும். அந்தக் கூட்டத்தில் ஏரிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, மடிக்கணினிக்குள் தலையை விட்டபடி ஒருவர் இருந்தால் அவர்தான்.

தொழிலின் மூலப்பொருள் முப்பது வினாடி ப்ரோமோ. சேனல் அதை வெளியிட்ட கொஞ்ச நேரத்தில் எவரோ ஒருவர் உண்மையிலேயே அதைப் பார்த்து நாலு பத்தி எழுதிவிடுகிறார். அந்தப் புண்ணியவானை யாரும் சந்தித்ததில்லை. அவர் எழுதியதை இரண்டாமவர் மாற்ற, இரண்டாமவருடையதை மூன்றாமவர் மாற்ற, தம்பியிடம் வந்து சேரும்போது அது ஐந்தாவது கையோ ஆறாவது கையோ. ‘மீனா கதவைத் திறந்தாள்’ என்று புறப்பட்டது, ‘வாசலில் காத்திருந்த பேரதிர்ச்சி, உறைந்துபோன மீனா’ என்று வந்து இறங்கும். கதவுக்கு அந்தப் பக்கம் நின்றது பால்காரராகவும் இருக்கலாம். அது தம்பியின் இலாகா இல்லை.

‘அதிர்ச்சி’ என்கிற ஒரே சொல்லை வைத்து அவர் ஒரு மாதத்தை ஓட்டுவார். திங்கட்கிழமை திகைப்பு, செவ்வாய் ஷாக், புதன்கிழமை ஆடிப்போன குடும்பம், வெள்ளிக்கிழமை தூக்கிவாரிப் போட்ட சம்பவம். ‘உண்மை தெரிந்தது’ என்பது குட்டு உடைந்தது ஆகும், வண்டவாளம் தண்டவாளம் ஏறும், சாயம் வெளுக்கும், முகத்திரை கிழியும். விஜய் டிவியில் 2023 ஜனவரியில் ஆரம்பித்த ‘சிறகடிக்க ஆசை’யில் ரோகிணி என்று ஒரு மருமகள். மலேசியாவில் பணக்கார அப்பா இருப்பதாகச் சொல்லிக்கொண்டு, முதல் கல்யாணத்தையும் பிள்ளையையும் மறைத்து அந்த வீட்டுக்குள் வந்தவள். கதையில் அந்தப் பொய் வருஷக்கணக்கில் தாக்குப்பிடித்தது. தம்பியின் கட்டுரைகளிலோ அவள் முகத்திரை வாரம் இரண்டு தடவை கிழிந்தது. இவ்வளவு திரையை ஒரு பெண் எப்படி முகத்தில் சுமந்தாள் என்று ஒரு வாசகரும் கேட்கவில்லை.

வியாழக்கிழமை மட்டும் தம்பிக்குக் கண்டம். அன்றுதான் எந்த சீரியலை எவ்வளவு பேர் பார்த்தார்கள் என்ற டிஆர்பி கணக்கைப் பார்க் நிறுவனம் வெளியிடும். எண்ணுக்கு மாற்றுச்சொல் கிடையாது. எண்ணைத் தொட முடியாத எரிச்சலை எல்லாம் தம்பி அதைச் சுற்றியுள்ள சொற்களின் மேல் காட்டுவார். முதலிடம் பிடித்த சீரியல் அரியணை ஏறும், மகுடம் சூடும், சிம்மாசனத்தில் அமரும். இரண்டாமிடத்துக்கு வந்தது மண்ணைக் கவ்வும். போன வாரம் மண்ணைக் கவ்வியது இந்த வாரம் விஸ்வரூபம் எடுக்கும். இத்தனைக்கும் நடுவில் ஏறி இறங்கியது ஒரு புள்ளிக்குள்தான் இருக்கும்.

சொல்லப்போனால் தம்பியின் பரம்பரை பெரிய பரம்பரை. ஒரு பொருளுக்கு எத்தனை சொல் என்று தொகுப்பதையே ஒரு நூல்வகையாக வளர்த்த மொழி இது. திவாகரம், பிங்கலம், அப்புறம் மண்டலபுருடரின் சூடாமணி நிகண்டு. சூடாமணியில் மொத்தம் பன்னிரண்டு தொகுதி. தேவர் பெயரில் தொடங்கி மக்கள், விலங்கு, மரம், இடம் என்று பிரித்து, எல்லாவற்றையும் விருத்தத்தில் கட்டி வைத்தார். திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பையன்கள் அதை நெட்டுருப் போட்டார்கள். கவி பாட வேண்டுமானால் எதுகைக்கும் மோனைக்கும் தோதாகச் சொல் கைவசம் வேண்டும். தம்பிக்கு எதுகையும் வேண்டாம், மோனையும் வேண்டாம். ஒரே மாதிரி வரிகள் இருந்தால் காட்டிக்கொடுக்கும் மென்பொருளின் கண்ணில் மண்ணைத் தூவ வேண்டும், அவ்வளவுதான். கல்லூரியில் சூடாமணியைப் பாடமாகப் படித்தபோது இது எதற்கு உதவப்போகிறது என்று பின் பெஞ்சில் முணுமுணுத்தவர் அவர். இப்போது அந்த பெஞ்சிலேயே வேறு யாருக்கும் இவ்வளவு உதவவில்லை.

கையால் மாற்றிய வரை தப்பு அதிகம் இல்லை. வேகம் பற்றவில்லை என்று ஒரு செயலியை இறக்கினார் பாருங்கள், அங்கேதான் வந்தது வினை. ஒட்டினால் போதும், இரண்டு நொடியில் சொல்லெல்லாம் மாறி வந்து விழும். பெயர்ச்சொல்லுக்கும் பெயருக்கும் அதற்கு வித்தியாசம் தெரியாது. ‘சிறகடிக்க ஆசை’யின் கார் டிரைவர் முத்து, ‘நித்திலம்’ ஆனார். அந்தப் பாத்திரத்தில் நடிக்கும் வெற்றி வசந்த், ‘ஜெயம் இளவேனில்’ ஆனார். இளவேனில் என்று புது நடிகர் யாரோ வருகிறாராம் என்று இன்னொரு தம்பி தனிக் கட்டுரையே போட்டுவிட்டார்.

‘எதிர்நீச்சல்’ மேல் செயலி கை வைத்த கதை இன்னும் விசேஷம். திருச்செல்வம் இயக்கத்தில் சன் டிவியில் 2022 பிப்ரவரி முதல் 2024 ஜூன் வரை ராத்திரி ஒன்பதரைக்கு ஓடிய சீரியல் அது. நாலு அண்ணன் தம்பிகள், அவர்களுக்கு வாழ்க்கைப்பட்ட ஈஸ்வரி, ரேணுகா, நந்தினி, ஜனனி என்று நாலு ஓரகத்திகள். மூத்தவர் ஆதி குணசேகரனின் அதிகாரத்துக்கு எதிராக அந்த நாலு பெண்கள் தலை நிமிர்வதுதான் கதை. தம்பி போட்ட வரி: ‘ஓரகத்திகள் நால்வரும் ஒன்றுசேர்ந்து குணசேகரனை எதிர்த்தனர்.’ செயலி ஓரத்தையும் கத்தியையும் தனித்தனியாகப் பிரித்துக்கொண்டது. வெளிவந்தது இது: ‘நான்கு பக்கக் கத்திகளும் ஒன்றிணைந்து குணசேகரனுக்கு எதிராகக் கிளம்பின.’

அடிதடிக் காட்சி என்று நினைத்துக் கூடுதலாக ஜனம் படித்தது. ஆபீஸிலிருந்து பாராட்டு வந்தது.

இந்தக் கூத்து தமிழ்நாட்டுக்கு மட்டும் சொந்தம் என்று வருத்தப்பட வேண்டாம். லண்டன் மிடில்செக்ஸ் பல்கலைக்கழகத்தில் கிறிஸ் சாட்லர் என்ற ஆசிரியர் 2014-இல் மாணவர்களின் கட்டுரைகளைத் திருத்தும்போது ஓரிடத்தில் திடுக்கிட்டு நின்றார். ‘சினிஸ்டர் பட்டக்ஸ்’ என்று இருந்தது. தமிழில் சொன்னால் கேடுகெட்ட பிட்டங்கள். வியாபாரப் போட்டியைப் பற்றிய கட்டுரையில் இவை எங்கிருந்து வந்தன? பின்தங்கிவிடுவதை ஆங்கிலத்தில் ‘லெஃப்ட் பிஹைண்ட்’ என்பார்கள். மாணவர் அதை அப்படியே காப்பியடித்துவிட்டு, மாட்டிக்கொள்ளாமல் இருக்க ‘லெஃப்ட்’டுக்கும் ‘பிஹைண்ட்’டுக்கும் தனித்தனியே மாற்றுச்சொல் போட்டிருக்கிறார். 1852-இல் புகழ்பெற்ற ஆங்கிலச் சொற்களஞ்சியத்தை வெளியிட்ட பீட்டர் மார்க் ரோஜேயின் பெயரையே இந்தத் திருட்டுக்கு வைத்தார் சாட்லர். பாவம் ரோஜே, டாக்டர் தொழில் பார்த்த மனிதர்.

மாணவர்கள்தான் அப்படி என்றால் விஞ்ஞானிகளும் விட்டு வைக்கவில்லை. பிரான்ஸைச் சேர்ந்த கியோம் கபனாக்கும் அவருடைய சகாக்கள் இருவரும் 2021-இல் ஆராய்ச்சிக் கட்டுரைகளைச் சலித்துப் பார்த்தார்கள். செயற்கை நுண்ணறிவுக்குப் பதில் ‘போலிப் பிரக்ஞை’ என்று பொருள்படும் சொற்கள், மார்பகப் புற்றுநோய்க்குப் பதில் ‘நெஞ்சுப் பேராபத்து’ என்று பொருள்படும் சொற்கள். எல்லாம் அச்சேறிய கட்டுரைகளில். ‘சித்திரவதைப்பட்ட சொற்றொடர்கள்’ என்று இவற்றுக்குப் பேர் வைத்தார்கள். நம் பக்கக் கத்திகளை அவர்களுக்கு அனுப்பி வைத்திருந்தால் மனசார வரவேற்றிருப்பார்கள்.

தம்பியிடம் இதையெல்லாம் எடுத்துச் சொன்னால் அசர மாட்டார். வாதத்துக்கு அவரிடம் சரக்கு இருக்கிறது. “சீரியலே ரீரைட்டுதானே?” என்பார். பொய்யில்லை. ‘பாக்கியலட்சுமி’க்கு மூலம் வங்காளத்து ‘ஸ்ரீமோயி’. அதுவே இந்தியில் ‘அனுபமா’. ‘பாரதி கண்ணம்மா’ கேரளத்துக் ‘கறுத்தமுத்து’வின் வழி. தமிழ்ப் ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ தெலுங்குக்குப் போய் ‘வதினம்மா’ ஆயிற்று, மலையாளத்தில் ‘சாந்த்வனம்’, இந்தியில் ‘குப்தா பிரதர்ஸ்’. தலைப்புகளையும் விடுவதில்லை. ‘சித்தி’ 1966-இல் சினிமா, 1999-இல் ராதிகாவின் சீரியல். ‘எதிர்நீச்சல்’ 1968-இல் பாலசந்தர் படம், 2013-இல் சிவகார்த்திகேயன் படம், அப்புறம் குணசேகரன் வீடு. அண்ணாமலையும் அப்படியே, ரஜினியிடமிருந்து 2002-இல் ராதிகாவுக்கு வந்தது.

அத்தோடு நிற்க மாட்டார். உச்சநீதிமன்றத்துக்கே போவார். ஆர்.ஜி. ஆனந்த் என்ற நாடகாசிரியர், தன் நாடகத்தைத் தழுவி ‘நியூ டெல்லி’ படத்தை எடுத்துவிட்டதாகத் தொடுத்த வழக்கில் 1978-இல் தீர்ப்பு வந்தது. கருத்துக்கும் கதைக்கருவுக்கும் யாரும் பட்டா வாங்க முடியாது, அதைச் சொன்ன விதத்துக்குத்தான் காப்புரிமை என்பது அதன் சாரம். தம்பி அந்த முதல் பாதியோடு படிப்பதை நிறுத்திவிட்டார். சொன்ன விதத்தை அங்கங்கே பூசி மெழுகி மாற்றினாலும் அது நகல்தான் என்று அதே தீர்ப்பு மேலே போய்ச் சொல்வது அவருக்கு வேண்டாத விருந்தாளி.

அவர் சொல்வதில் ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். மாற்றுச்சொல் போடுவதில் சீரியல்காரர்களை மிஞ்ச ஆள் இல்லை. நேற்று வரை ஒருவர் நடித்த பாத்திரத்தில் இன்று வேறொருவர் வந்து நிற்பார். கீழே ‘இவருக்குப் பதில் இவர்’ என்று ஒரு வரி ஓடும். அடுத்த காட்சியில் பெண்டாட்டி அவருக்குக் காப்பி கொண்டுவந்து கொடுப்பாள்.

எல்லா ‘பதிலும்’ அப்படி நடந்துவிடுவதில்லை. ஆதி குணசேகரனாக நடித்து, ‘ஏம்மா ஏய்’ என்ற இரண்டு சொல்லை வீடு வீடாகக் கொண்டுபோய்ச் சேர்த்த ஜி. மாரிமுத்து, 2023 செப்டம்பர் 8 அன்று அந்த சீரியலுக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது மாரடைப்பு வந்து இறந்துபோனார். ‘கண்ணும் கண்ணும்’, ‘புலிவால்’ படங்களை இயக்கியவர், ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் நாயகியின் அப்பா. அன்றைக்குத் தம்பிக்கு வந்த வேலைக்கு அளவில்லை. இறப்புக்குத் தமிழில் சொல்லா இல்லை? காலமானார், மறைந்தார், இயற்கை எய்தினார் என்று மூன்று கட்டுரை போயிற்று. நாலாவதுக்கு ‘இறைவனடி சேர்ந்தார்’ என்று போட்டார். கொஞ்ச நாள் முன்புதான் மாரிமுத்து ஒரு டிவி விவாதத்தில் சோதிடர்களோடு மல்லுக்கு நின்றிருந்தார், ஊரெல்லாம் அந்த வீடியோவைப் பார்த்திருந்தது. அவரைப் போய் இப்படி அனுப்பி வைக்கலாமா என்று பலர் கேட்டுவிட்டார்கள்.

தம்பிக்கு உண்மையிலேயே சங்கடமாகப் போயிற்று. படாளம் கூட்ரோட்டில் ஒட்டியிருக்கும் கண்ணீர் அஞ்சலி போஸ்டர்களைப் பார்த்தாலே பாடம் கிடைத்திருக்கும். சிவலோக பதவி அடைபவர் ஒருவர், வைகுண்ட பதவி அடைபவர் ஒருவர், கர்த்தருக்குள் நித்திரையானவர் ஒருவர், வஃபாத்தானவர் ஒருவர். இயற்கை எய்துகிறவர்கள் பெரும்பாலும் கட்சிக்காரர்கள். ஒருத்தர் போஸ்டரில் உள்ள சொல்லை இன்னொருத்தர் போஸ்டரில் ஒட்டினால் சாவு வீட்டிலேயே சண்டை வரும். குணசேகரன் பாத்திரத்துக்கு எழுத்தாளர் வேல ராமமூர்த்தி வந்தார். நல்ல நடிகர்தான், ஆனாலும் ஜனம் பழைய குரலையே தேடியது. அந்தச் சமயம் செயலி ‘ஆதி குணசேகரன்’ என்பதை ‘முதல் குணசேகரன்’ என்று மாற்றித் தள்ளியது. அதன் சரித்திரத்தில் அது சரியாகச் சொன்னது அந்த ஒரு தடவைதான்.

தம்பியை வீட்டில் மதிக்கிறார்களா என்றால், ஆயா மதிப்பதில்லை. சன் டிவி ஆரம்பித்த 1993-ஐயும் பார்த்தவர் அவர், ‘மெட்டி ஒலி’யின் ஐந்து பெண்களையும் கரையேற்றி, ‘கோலங்கள்’ அபியோடு ஆயிரத்து ஐநூறு எபிசோடுக்கு மேல் அழுது முடித்தவர். ‘சிறகடிக்க ஆசை’ பற்றிப் பேரன் எழுதியதைப் பக்கத்து வீட்டுப் பெண் ஒருநாள் படித்துக் காட்டினாள்.

“இன்னாடா இது, மலர் தொடுக்கும் மங்கைன்னு போட்டுக்கிற? யாருடா அவ?”

“மீனா, ஆயா. பூக்கட்டுறவங்கன்னா எல்லாரும் எழுதிட்டாங்க.”

“அவ பூக்கட்டிப் பொழைக்கிறவடா. மங்கையாம் மங்கை. விஜயாகாரி அவள பூக்காரின்னு எளக்காரமா பேசறதுதாண்டா கதையே. நீ பூக்காரியத் தூக்கிட்டு மங்கையப் போட்டா, மாமியாக்காரிக்கு எதுக்குடா கோவம் வருது?”

முப்பது வருஷம் பார்த்த கண்ணுக்கு முன்னால் சூடாமணி நிகண்டும் நிற்காது. தம்பி ‘சிக்னல் வருது’ என்று சொல்லிவிட்டு ஏரிக்கரைக்கு நடந்தார்.

பொங்கல் வந்தது. காணும் பொங்கலுக்கு வேடந்தாங்கலில் வண்டி நிறுத்த இடம் இருக்காது. ஆபீஸிலிருந்து போன். “தம்பி, நீ அந்த ஊர்தானே? பறவை பத்தி ஒண்ணு போடேன்.” தம்பி கரைமேல்தான் உட்கார்ந்திருந்தார். முதுகுக்குப் பின்னால் பாதி நீரில் நின்ற மரங்களின் மேல் ஆயிரக்கணக்கில் கத்திக்கொண்டிருந்தன. திரும்பிப் பார்த்திருக்கலாம். “சோர்ஸ் அனுப்புங்க சார்” என்றார். “நேர்ல பாத்து எழுதேம்பா.” “பாத்தா லேட் ஆயிடும் சார்.”

வந்த சோர்ஸ் நன்றாகத்தான் இருந்தது. பறவைகளின் எச்சம் கலந்த ஏரித் தண்ணீர் வயலுக்கு நல்ல உரம், அதனால் ஊர்க்காரர்களே தலைமுறை தலைமுறையாகப் பறவைகளைக் காப்பாற்றி வருகிறார்கள், வெள்ளைக்காரர்கள் வந்து சுட்டபோது முறையிட்டு, கலெக்டர் லயனல் பிளேஸிடம் 18-ஆம் நூற்றாண்டின் கடைசியிலேயே பாதுகாப்பு உத்தரவு வாங்கியவர்கள், தீபாவளிக்குக்கூட வெடி வைக்க மாட்டார்கள், 2022-இல் ராம்சர் பட்டியலிலும் ஏரி சேர்ந்தது என்று எல்லாம் இருந்தது. செயலியில் போட்டு எடுத்தார். எச்சம் என்றால் சந்ததி என்றும் ஒரு பொருள் பழைய தமிழில் உண்டு, செயலிக்கு அதுதான் பிடித்திருந்தது. ‘பறவைகளின் வாரிசு கலந்த நீர் பயிருக்கு நல்லது’ என்று வந்தது. வாரிசுச் சண்டையிலேயே வருஷங்களைக் கழித்த தம்பியின் கண்ணில் அது படவில்லை. கரண்டிவாயன் ‘அகப்பை வாயன்’ ஆனது. அரிவாள் மூக்கன் ‘வெட்டுக்கத்தி நாசி’. பாம்புத்தாரா ‘அரவ வாத்து’. இந்த வட்டாரத்தில் தாங்கல் என்றால் ஏரி என்று பச்சைப் பிள்ளைக்கும் தெரியும். வேடந்தாங்கலோ ‘வேட்டைக்காரர் விடுதி’ ஆகி, ரூம் வாடகை எவ்வளவு என்று இரண்டு பேர் விசாரித்தார்கள். எல்லாவற்றுக்கும் மேல், ‘தீபாவளி நாளிலும் இவ்வூர் மக்கள் வெடிகுண்டு வைப்பதில்லை’ என்று அச்சாகியிருந்தது.

ஊர்ப் பெரியவர் ஒருவர் டீக்கடையில் தம்பியைப் பிடித்துக்கொண்டார். “ஏம்பா, மத்த நாள்ல நாங்க குண்டு வைக்கிறோமா?” தம்பி தலையைச் சொறிந்தார். “அது போவட்டும். கொக்குன்னு போட்ட எடத்துல நாரைன்னு போட்டுக்கிற, நாரை எடத்துல வக்கான்னு போட்டுக்கிற. வக்கா ராத்திரில எர தேடறது. நாரை பகல்ல. கொக்கு மரத்துல எந்தக் கெளையில ஒக்காரும், நாரை எந்தக் கெளையில ஒக்காரும்னு உங்க தாத்தாவக் கேட்டாச் சொல்லுவாரு. எல்லாம் ஒண்ணுன்னா இவ்ளோ தூரம் எதுக்குப்பா காரு போட்டுகினு வந்து பாக்கறாங்க?”

அன்று சாயங்காலம் தம்பி முதல் தடவையாகக் கரைமேல் ஏரியைப் பார்க்கத் திரும்பி உட்கார்ந்தார் என்று சொன்னால் நன்றாக இருக்கும். உட்காரவில்லை. வெயில் திரையில் பட்டு எழுத்து தெரியாது.

அப்போது போன் வந்தது. “தம்பி, வேடந்தாங்கல் பத்தி ஒரு கட்டுரை நல்லாப் போயிட்டிருக்கு. லிங்க் அனுப்பியிருக்கேன், ரீரைட் பண்ணிக் கொடு.” திறந்து பார்த்தார். இரண்டு மூன்று கை மாறியதில் அகப்பை வாயன் திரும்பவும் கரண்டிவாயன் ஆகியிருந்தது. அரவ வாத்து பாம்புத்தாராவாகவே நீந்திக்கொண்டிருந்தது. விடுதி மூடப்பட்டு ஊர் பழையபடி வேடந்தாங்கல் ஆகியிருந்தது. வாரிசு மட்டும் தண்ணீரிலேயே கிடந்தது. அதை வைத்துத்தான் கண்டுபிடித்தார்.

“சார், இது நான் எழுதினதுதான் சார்.”

“அப்ப ரொம்ப நல்லதாப் போச்சு. உனக்கு ஈஸியா இருக்கும். பத்து நிமிஷத்துல அனுப்பு தம்பி, அர்ஜென்ட்.”